ஷோபாசக்தி: தோளால் நடிக்கிறவர்

‘தீபன்’ படத்தில் ஷோபாசக்தி வாளியைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி ஏறும்போது அவருடைய தோள்களைப் பாருங்கள். மலேசியாவின் தம்பின், கிம்மாஸ் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்கு அந்தத் தோள்கள் புதிதல்ல. வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் விடியற்காலைப் பெரட்டில் வாய் திறக்காமல் நின்ற அப்பாக்களின் தோள்கள் அவை.

அந்த அடக்கம் நடிப்புப் பள்ளியில் கற்றதல்ல. யாழ்ப்பாணத்து அல்லைப்பிட்டியில் பிறந்த ஷோபாசக்தி (இயற்பெயர் அந்தோனிதாசன் யேசுதாசன்) பதின்வயதில் புலிகள் இயக்கத்தில் இருந்தவர். பிறகு விலகி, தாய்லாந்து போய், 1993இல் பிரான்ஸ் சேர்ந்தார். அங்கே தட்டுக் கழுவினார், சூப்பர் மார்க்கெட்டில் சாமான் அடுக்கினார், நாவலும் எழுதினார். லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ படத்தில் நடித்தார். பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஓடியார் அவரை நாயகனாக்கிய ‘தீபன்’, 2015 கான் விழாவில் தங்கப் பனை வென்றது.

ஒரு காட்சியை மட்டும் எடுத்துக்கொள்வோம். திரை முழுக்க இருட்டு. சின்னச் சின்ன வண்ண விளக்குகள் அசைந்து வருகின்றன. கிட்ட வந்த பிறகுதான் தெரிகிறது, தலையில் மினுக்கும் விளையாட்டுப் பொருளை மாட்டிக்கொண்டு தெருவில் விற்கும் தீபன். முகத்தில் கூச்சமும் இல்லை, கெஞ்சலும் இல்லை. வேறு நடிகராக இருந்தால் அங்கே ஒரு சொட்டுக் கண்ணீராவது கேட்டிருப்பார். இவர் அதையெல்லாம் சேர்த்து வைத்து, குடித்துவிட்டுத் தனியறையில் இயக்கப் பாட்டைக் கத்திப் பாடும் இடத்தில் மொத்தமாகக் கொட்டுகிறார். என்னைக் கேட்டால் படத்தின் உச்சம் அதுதான்.

தீபனின் மனைவியாக வரும், சென்னை நாடக மேடையிலிருந்து வந்த காளீஸ்வரி சீனிவாசனுக்கும் படத்தில் பெரிய பங்கு உண்டு. ஷோபாசக்தி பந்தைக் காலடியில் நிறுத்தி வைக்க, காளீஸ்வரி பறித்துக்கொண்டு ஓடுகிறார்.

தோட்டம் துண்டாடப்பட்டு ஃபிளாட்டுக்குக் குடிபோன நம் குடும்பங்களுக்கு தீபன் குடியேறும் பிரெஞ்சு அடுக்குமாடியை விளக்க வேண்டியதில்லை. படிக்கட்டில் கும்பல், கதவுக்குள் பயந்த தாய். அதனால்தான் கடைசிச் சண்டை எனக்கு வலிக்கிறது. இரண்டு மணி நேரமாக ஒருவர் உடம்பால் கட்டியதை, ஓடியார் புகையும் துப்பாக்கியுமாகக் கலைத்துவிடுகிறார்.

தங்கப் பனைக்குப் பிறகு ஷோபாசக்தியின் வீச்சைக் கூடுதலாகக் காட்டியவை ஐரோப்பாவுக்கு வெளியே வந்தவை. கனடாவில் லெனின் எம். சிவம் எடுத்த ‘ரூபா’வில் திருநங்கையைக் காதலிக்கும் குடும்பஸ்தன். 2019இல் சிட்னி டவுன் ஹாலில் எஸ். சக்திதரனின் ‘கவுண்டிங் அண்ட் கிராக்கிங்’. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் மேடை நாடகம் அது. குளோசப் உதவிக்கு வராது. கடைசி வரிசைக்கும் எட்ட வேண்டும்.

அகதியாக இல்லாத ஒரு தமிழனை அவருக்குக் கொடுக்க ஐரோப்பிய இயக்குநர்களுக்கு இன்னும் என்ன தயக்கம்? காதலிக்கத் தெரிந்தவர், பாடத் தெரிந்தவர் என்பதை ஏற்கெனவே காட்டிவிட்டார். ஒரு முழு நீள நகைச்சுவைப் படத்தில் அவரைப் பார்க்க நான் காத்திருக்கிறேன்.