காந்தி ஆவணப்படமும் படச்சுருள் தேடலும்

ஏ. கே. செட்டியார் (1911–1983) தயாரித்த 'மகாத்மா காந்தி' தமிழ் ஆவணப்படம் 1940 ஆகஸ்ட் 23 அன்று வெளியானது. இதைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் எண்களோடு நின்றுவிடுகிறார்கள். ஒரு லட்சம் மைல் பயணம், முப்பது ஆண்டுகளில் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்த 50,000 அடி படச்சுருள், அதிலிருந்து தொகுத்த 12,000 அடி. வியக்கத்தக்க எண்கள்தாம். ஆனால் அந்தச் சுருள்கள் எப்படிக் கைக்கு வந்தன என்பதில்தான் படத்தின் உண்மையான உழைப்பு இருக்கிறது.

1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் செல்லும் கப்பலில் செட்டியாருக்கு இந்த எண்ணம் தோன்றியது. அன்று இணையம் இல்லை. காந்தி இருக்கும் படத்துண்டுகள் எங்கெங்கே உள்ளன என்று சொல்லும் பொதுப் பட்டியலும் இல்லை. 1931இல் காந்தி வட்டமேசை மாநாட்டுக்காக லண்டன் சென்றபோது செய்திப்பட நிறுவனங்கள் அவரைச் சுற்றிச் சுற்றிப் படமெடுத்தன. அந்தச் சுருள்களெல்லாம் அவரவர் கிடங்கில் இருந்தன. உப்புச் சத்தியாக்கிரகத்தைக் காட்டிய படங்கள் பலவற்றை ஆங்கில அரசு தடை செய்திருந்தது. ஒரு துண்டு இருப்பதாகக் கேள்விப்பட்டால் போதாது. உரியவரைக் கண்டு பேச வேண்டும், போட்டுப் பார்க்க வேண்டும், எந்த ஆண்டு எந்த ஊர் என்று உறுதி செய்ய வேண்டும், விலையும் உரிமையும் பேசி நகல் எடுக்க வேண்டும். எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளைக் கப்பலேற்றுவது தனிக் கவலை.

தொகுப்பிலும் ஒரு சிக்கல் உண்டு. மௌனப்பட காலத்தில் நொடிக்குப் பதினாறு, பதினெட்டுச் சட்டங்கள் என்ற வேகத்தில் எடுத்ததைப் பேசும்படக் கருவியில் இருபத்துநான்காக ஓட்டினால் மனிதர்கள் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள். காந்தி இயல்பாகவே வேகமாக நடப்பவர். பழைய காட்சியைப் பார்க்கும் மாணவர், எது அவர் நடை, எது கருவியின் வேகம் என்று கேட்டுப் பார்ப்பது நல்லது.

இந்த அலைச்சலைச் செட்டியாரே எழுதியிருக்கிறார். ஆ. இரா. வேங்கடாசலபதி பதிப்பித்த 'அண்ணல் அடிச்சுவட்டில்' நூலில் அது கிடைக்கிறது. தன்னை முன்னிறுத்தாமல் எழுதுவது செட்டியாரின் வழக்கம். பயணக் கட்டுரைகளில் அது அழகு. இங்கே அந்த அடக்கமே வாசகரை ஏமாற்றிவிடுகிறது. இத்தனை பாடும் ஏதோ தானாக நடந்தது போலத் தோன்றிவிடுகிறது. 'நூறு ஒளிப்பதிவாளர்கள்' என்று நாமும் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அவர்களில் எத்தனை பேரின் பெயரை நம்மால் சொல்ல முடியும்?

1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் ஒன்று வெளிவந்தது. விட்டல்பாய் ஜாவேரி 1968இல் உருவாக்கிய ஐந்தரை மணி நேரக் காந்தி படத்துக்கு நிறுவனங்களின் துணை இருந்தது; அது நிலைத்தது. செட்டியாருக்கு அந்த வாய்ப்பு இல்லை. 1940இல் தமிழர்கள் பார்த்த முழுப்படம் இன்று கைவசம் இல்லை. பின்னாளில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கிடைத்தது சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம்தான். அதில் காந்தி நடக்கிறார், நூற்கிறார். தமிழ் விளக்கவுரை மட்டும் இல்லை.