எர்ஸ்கின் பிரபு இட்ட பிச்சையா?

சுவீடன் நாட்டு முதலாளிகளின் தீப்பெட்டிக் கம்பெனிப் பெயரையே தன் பெயராகத் தாங்கி நிற்கிறது வடசென்னையின் விம்கோ நகர். குச்சி அடுக்கிய கைகளின் பெயர் ஊருக்கு வாய்க்கவில்லை. முதல் போட்டவரின் பெயர் நிலைத்துவிட்டது. வரலாறு எழுதுவோருக்கும் இந்தப் பழக்கம் உண்டு. பாடுபட்டவனை மறப்பர், கையெழுத்திட்டவனைப் போற்றுவர்.

1940 பிப்ரவரி 21 ஆம் நாள் சென்னை மாகாணப் பள்ளிகளில் கட்டாய இந்தி நீக்கப்பட்டது. நீக்கியவர் ஆளுநர் எர்ஸ்கின் பிரபு. இதைக் காட்டி, "உங்கள் வெற்றி வெள்ளைக்காரப் பிரபு இட்ட பிச்சைதானே!" என்று எள்ளி நகையாடுவோர் உளர். அந்தப் பிரபுவின் வாழ்வையே எடுத்துச் சீர்தூக்கிப் பார்ப்போம்.

யார் இவர்? ஸ்காட்லாந்தின் மார், கெல்லி என்னும் இரு சீமைகளுக்கு உரிய பிரபுவின் தலைமகன். 1895 இல் பிறந்தார். ஈட்டன் பள்ளியும் ஆக்ஸ்போர்டும் அவருக்காகக் காத்திருந்தன. தந்தை உயிரோடிருந்தமையால் 'பிரபு' என்பது அவருக்கு மரியாதைப் பெயர் மட்டுமே. ஆகவே, பிரபுக்கள் சபையில் அமர இயலாமல், பொதுமக்கள் சபைக்கு வாக்குக் கேட்டு வந்தார். 1922 இல் வெஸ்டன் தொகுதியில் பழமைவாதக் கட்சியின் சார்பில் வென்றார். அடுத்த ஆண்டே அம்மக்கள் அவரைத் தோற்கடித்தனர்! 1924 இல் மீண்டும் அனுப்பினர்.

தோழர்களே, இந்த இடத்தைக் கூர்ந்து நோக்குங்கள். அங்கே, அவர் நாட்டில், பிறப்பால் பெரியவர் எனினும், சாதாரணக் குடிமகன் ஒரு சீட்டால் அவரை வீட்டுக்கு அனுப்ப முடிந்தது. அதே மனிதர் 1934 இல் சென்னை ஆளுநராக வந்து இறங்கினார். இங்கே அவரை யார் தேர்ந்தெடுத்தார்? எவருமில்லை! யாரால் நீக்க முடியும்? எவராலும் முடியாது! கப்பல் ஏறியபோது வேட்பாளர், இறங்கியபோது ஆண்டவன்! மனிதர் மாறவில்லை, அவர் முன் நின்ற மக்களின் உரிமைதான் மாறியது.

1937 இல் ஆச்சாரியார் முதலமைச்சரானார். அவரைப் பற்றி எர்ஸ்கின், தாம் இருபது ஆண்டு பின்னோக்கிப் போக விரும்பினால், அவரோ ஈராயிரம் ஆண்டு பின்னோக்கிப் போக விரும்புகிறார் என்ற பொருள்பட எழுதினார். பழமைவாதக் கட்சிக்காரருக்கே அலுத்துப்போன பழமை! நோய் இன்னதென அறிந்திருந்தார் என்பது தெளிவு. அறிந்தவர் என்ன செய்தார்?

1938 ஏப்ரல் 21 ஆம் நாள் 125 பள்ளிகளில் இந்தி கட்டாயமாக்கப்பட்டது. மறியல் மூண்டது. 1,198 பேர் கைதாயினர். 1,179 பேர் தண்டிக்கப்பட்டனர். 73 பெண்கள் சிறை புகுந்தனர். தாயரோடு 32 குழந்தைகளும் சிறையில் வாழ்ந்தனர். பெரியாருக்குக் கடுங்காவல் தண்டனை. 1939 சனவரியில் நடராசன் மாண்டார். மார்ச்சில் தாளமுத்து மாண்டார். இருவரும் சிறைப்பட்ட நிலையில் நோயுற்று மடிந்தவர்கள். அன்று மாளிகையில் வீற்றிருந்தவர் யார்? இதே எர்ஸ்கின்! 1935 ஆம் ஆண்டுச் சட்டம் ஆளுநருக்குத் தனிப் பொறுப்புகளை அளித்திருந்தது. எனினும், அவர் கை அன்று அசையவில்லை.

1939 அக்டோபரில் அமைச்சரவை விலகியது. முழு அதிகாரமும் ஆளுநரிடம் வந்தது. ஐரோப்பாவில் போர் மூண்டிருந்த நேரம். மாகாணம் கொந்தளிக்காதிருப்பது ஆட்சிக்குத் தேவை. கட்டாய இந்தி பெருந்தொல்லைக்குக் காரணமாயிற்று, பெரும்பாலான மக்களின் விருப்பத்துக்கும் மாறானது என்று அவரே வைசிராய்க்கு எழுதினார். அந்தத் தொல்லையை உண்டாக்கியவர் யார்? அந்த விருப்பத்தை மாளிகையின் செவியில் ஏற்றியவர் யார்? சிறை சென்றவர்களன்றோ! அவர்கள் அடங்கிக் கிடந்திருந்தால் பிரபுவின் பேனாவுக்கு என்ன வேலை?

அவர் கொடியவர் என்று நாம் கூறவில்லை. உண்மையை உள்ளவாறு எழுதியமைக்கு மதிப்பளிப்போம். ஆனால், நன்றிக்கடன் பட்டோம் என்று கைகட்டி நிற்க மாட்டோம். பிறப்பால் உயர்வு என்பதை அக்கிரகாரத்தில் எதிர்க்கும் நாம், அரண்மனையில் கண்டு அடிபணிவதா? பூணூலாயினும் பிரபுப் பட்டமாயினும் பிறப்பு தந்த பெருமை ஒன்றே!

அந்தப் பெருமைதான் எத்துணை நிலையற்றது! 1940 இல் தாயகம் திரும்பிய எர்ஸ்கின், பிரைட்டன் தொகுதியின் உறுப்பினராகி, அடுத்த ஆண்டே விலகினார். 1953 இல் மறைந்தார். அவர் தந்தை மறைந்ததோ 1955 இல். பிறந்த நாள் முதல் அவருக்கென்று காத்திருந்த சீமைப் பட்டம், கடைசிவரை அவர் கைக்கு வரவேயில்லை, மகனுக்குப் போயிற்று.

விம்கோ நகர் இளைஞர்களே! இன்று மெட்ரோ இரயிலில் ஏறினால் சிறிது நேரத்தில் வண்ணாரப்பேட்டை வந்துவிடும். அதை அடுத்த மூலக்கொத்தளத்தில் நடராசனும் தாளமுத்துவும் உறங்குகின்றனர். எந்தச் சீமையும் அவர்களுக்குப் பட்டம் தரவில்லை. "பிரபு இட்ட பிச்சை" என்று எவரேனும் இனிச் சொன்னால், வாதாட வேண்டா. அந்தக் கல்லறைகளின் முன் அழைத்துச் சென்று, சொன்னதைத் திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள்!