பெஸ்ஸியின் பிணம்

ரிச்சர்ட் ரைட் எழுதி 1940இல் வெளியான ‘நேட்டிவ் சன்’ நாவலைப் பற்றி எங்க படிப்பு வட்டத்துல பேசினோம். நாயகன் பிக்கர் தாமஸை எல்லாருக்கும் பிடித்துப்போச்சு. ‘நம்ம பய மாதிரியே இருக்கான்’ என்றார்கள். இருக்கத்தான் செய்கிறான்.

சிகாகோவின் கருப்பர் குடியிருப்பு. ஒத்த அறையில் அம்மா, தங்கச்சி, தம்பி, அவன். விடிந்ததும் எலி அடிக்கிறான். இருபது வயசு. வானத்தில் விமானத்தைப் பார்த்து, விட்டால் நானும் ஓட்டுவேன் என்கிறான். விடமாட்டார்கள். கூட்டாளிகள் இருந்தும் தனியாள். உள்ளே கிடக்கும் பயத்தை எவனிடமும் சொல்ல முடியாது. அதை மறைக்கக் கூட்டாளி மேலேயே கத்தியை நீட்டுகிறான்.

கார் ஓட்டும் வேலைக்குப் போவது டால்டன் வீட்டுக்கு. கருப்பர்களுக்கு நன்கொடை தருகிற வெள்ளைப் புண்ணியவான். பிக்கர் குடும்பம் வாடகை கட்டும் எலிப்பொந்தும் அவர் கம்பெனியோடதுதான். மகள் மேரி போதையில் துவண்டபோது தூக்கிப்போய்ப் படுக்கவைக்கிறான். பார்வையற்ற தாய் அறைக்குள் வருகிறாள். வெள்ளைப் பெண்ணின் படுக்கையருகே கருப்பன் நின்றால் என்ன ஆகும்? சத்தம் வராமலிருக்கத் தலையணையை அழுத்துகிறான். மேரி செத்துப்போகிறாள். அந்தக் கையை அழுத்தியது ஒரு சமூகத்தின் பயமுறுத்தல் என்று ரைட் காட்டுவது நூத்துக்கு நூறு உண்மை.

ஆனா பெஸ்ஸி? அவனுடைய காதலி. வெள்ளையர் வீட்டு அடுப்படியில் உழைத்து ஓய்ந்த கருப்புப் பெண். அவளைப் பலாத்காரம் செய்து, தூங்கும்போது செங்கல்லால் தலையை நசுக்குகிறான். அங்கே எந்த எசமான் வாசலில் நின்றான்? எங்க வட்டத்தில் ஒருத்தர்கூட அவள் பெயரைச் சொல்லவில்லை. நானும்தான்.

விசாரணையில் அவள் பிணத்தைக் கொண்டுவருகிறார்கள், மேரி கொலைக்குச் சாட்சியமாக! வெள்ளைப் பெண்ணுக்காகத்தான் தனக்குத் தண்டனை என்று பிக்கருக்கே தெரிகிறது.

தன்னை மனிதனுக்கும் கீழாகச் சொல்லும் கருத்தைப் பிக்கரும் ஏற்றுவிட்டான் என்று ஜேம்ஸ் பால்ட்வின் 1949இல் விமர்சித்தார். அந்த ஏற்பு எனக்குப் பெஸ்ஸியிடம்தான் தெரிகிறது. அவளை வெள்ளை நீதி சாட்சிப் பொருளாக்கியது. அதற்கு முன்பே அவன் சுமையாக்கி எறிந்துவிட்டான்.

தனிமையில் வெந்த பிள்ளைக்குக் கோபம் வரும், வரணும். மேலே போக முடியாத கோபம் பக்கத்தில் இருப்பவள் மேல் விழுகிறது. அதைப் புரட்சி என்று கொண்டாடும் விமர்சனத்துக்கு அவள் கணக்கில் வரவில்லை என்றுதான் அர்த்தம்.

மறுவாரம் பெஸ்ஸி சாகும் பக்கங்களை ஒரு தோழி சத்தமாக வாசித்தார். ‘நம்ம பய’ என்று யாரும் சொல்லவில்லை.