குகையில் ஒரு மஜ்னூன்

கொடைக்கானலில் தூண் பாறைகளுக்கு அருகே உள்ள ஆழ்குகையை ஆங்கிலேயர் 'டெவில்ஸ் கிச்சன்' என அழைத்தனர். 1991-இல் 'குணா' திரைப்படம் வெளிவந்த பின் அது 'குணா குகை' ஆயிற்று. கற்பனை மாந்தன் ஒருவனின் பெயரைப் பழனி மலைத்தொடரில் நிலைபெறச் செய்த அப்படத்தின் இயக்குநர் சந்தான பாரதியையோ, மக்கள் நடிகராகவே மிகுதியும் அறிவர்.

தயாரிப்பாளர் எம்.ஆர்.சந்தானத்தின் மகனான அவர், 1981-இல் பி.வாசுவுடன் இணைந்து 'பன்னீர் புஷ்பங்கள்' படத்தை இயக்கினார். பின்னர்த் தனித்து இயக்கியவற்றுள் 'குணா'வும் 'மகாநதி'யும் (1994) தலையானவை. இரண்டின் புகழும் நாயகரான கமல்ஹாசனையே சென்றடைந்தது. புகழில் இயக்குநருக்குப் பங்குண்டெனில் குறையிலும் உண்டு என்பதே நம் கருத்து.

'குணா'வைக் காணும் அரபு மாணவருக்கு மஜ்னூன் நினைவுக்கு வருவது இயல்பு. 'ஜன்ன' என்னும் வினைக்கு மறைத்தல் என்பது பொருள். கண்ணுக்கு மறைந்தது ஜின். கருவறையில் மறைந்தது ஜனீன். அறிவு மறைக்கப்பட்டவன் மஜ்னூன். உலகின் கண்ணுக்கு மறைந்து குகையில் வாழும் குணாவுக்கு இதனினும் பொருந்தும் சொல் இல்லை.

ஆயினும் ஒப்புமை இவ்விடத்தோடு முறிகிறது. பனூ ஆமிர் குலத்துக் கைஸ், லைலாவை அவள் பெயராலேயே பாடினான். அவள் வேறொருவருக்கு மணமுடிக்கப்பட்டபோது பாலையை நாடிச் சென்றானேயன்றி, அவளைக் கவர்ந்து செல்லவில்லை. குணாவோ ரோகிணியைக் கடத்துகிறான். அபிராமி என்னும் தெய்வப் பெயரை அவள்மீது சுமத்துகிறான். புகழ்பெற்ற கடிதப் பாடலில் சொல்பவன் அவன், எழுதுபவள் அவள். சிறைப்பட்டவளின் அச்சம் காதலாகக் கனிவதை இனிய இசையால் நம்மை ஏற்கச் செய்கிறது படம். அதன் கலைவன்மையை ஒப்புக்கொள்ளும் நாம், அவளுடைய விருப்பம் எங்கே எனக் கேட்காதிருத்தல் முறையன்று.

இதற்கு விடைபோல் அமைந்தது, 2003-இல் 'அன்பே சிவம்' படத்தில் சந்தான பாரதி நடித்த வேடம். கொல்ல அனுப்பப்பட்டவன், இறுதியில் மனமிரங்கி நல்லசிவத்தைப் போகவிடுகிறான். பற்றிக்கொள்வதைக் காதலென்று காட்டிய இயக்குநர், விட்டுவிடுதலும் அன்பே என்பதை நடிகராக நின்று உணர்த்தினார்.

2006-இல் கேரளத்து இளைஞர் ஒருவர் அக்குகையின் குழியில் வீழ்ந்தார். நண்பர் ஒருவர் கயிற்றைப் பற்றி இறங்கி அவரை மீட்டார். அந்நிகழ்வைச் சித்திரித்த 'மஞ்ஞும்மல் பாய்ஸ்' (2024) படத்தில் அதே பாடல் மீண்டும் ஒலித்தது. இம்முறை அது ஒருத்தியைச் சிறைவைத்தவனின் குரலன்று. தோழனுக்காகத் தன்னுயிரைப் பணயம் வைத்தவனின் குரல். முப்பத்து மூன்று ஆண்டுகளுக்குப் பின், பாடல் தனக்குரிய பொருளைக் கண்டடைந்தது என்றே நாம் எண்ணுகிறோம்.