சிங்க வாயும் கோமுகியும்

கி.மு. ஆறாம் நூற்றாண்டின் கடைசியில் ஏதென்ஸ் குயவர்கள் தண்ணீர்க் குடங்களில் விரும்பித் தீட்டிய காட்சி ஒன்று உண்டு. தூண்கள் வைத்த மண்டபம், சுவரில் சிங்கத்தலை, அதன் வாயிலிருந்து கொட்டும் தண்ணீர், குடத்தோடு நிற்கும் பெண்கள். நம்மூர்க் குழாயடிதான், கட்டியது மட்டும் கோயில் மாதிரி. தண்ணீர் வரும் இடத்துக்கு ஒரு முகம் வேண்டுமென்று கிரேக்கத் தச்சனுக்குத் தோன்றியிருக்கிறது. நம் ஸ்தபதிக்கும் தோன்றியது.

அதைப் பார்க்கப் பொட்டிப்புரத்துக்காரர் கப்பலேற வேண்டாம். பக்கத்திலிருக்கும் சின்னமனூர் பூலாநந்தீஸ்வரர் கோயில் வரை போனால் போதும். கிழக்கோ மேற்கோ பார்த்த சிவன் கோயில் எதுவானாலும் கருவறையின் வடபுறம் போய் நில்லுங்கள். அபிஷேகத் தண்ணீர் சுவரைத் துளைத்து வெளியே வரும் கோமுகி அங்கேதான் இருக்கும், சண்டிகேசுவரர் சந்நிதிக்குப் பக்கத்தில்.

நல்ல சோழர் காலக் கோமுகியின் அழகு அதன் நீட்டத்தில் இருக்கிறது. சுவரோரம் யாளி வாய் பிளக்கும். அதிலிருந்து கல் ஓடை புறப்பட்டு, போகப்போகச் சிறுத்து, நுனியில் வாழைப்பூ மாதிரி கூம்பும். சில இடங்களில் குண்டு பூதம் ஒன்று கீழே உட்கார்ந்து தலையில் தாங்கும். சுமை தெரியாத சிரிப்பு வேறு! இவ்வளவு நீட்டியதற்குக் காரணம் அலங்காரமில்லை. தண்ணீர் அடித்தள வரிகளான ஜகதியிலும் குமுதத்திலும் வழியாமல் தள்ளி விழ வேண்டும், அடித்தளம் ஊறக்கூடாது. ஏதென்ஸின் பார்த்தெனான் கூரை மூலைகளில் உள்ள சிங்கத்தலைகளுக்குத் துளையே கிடையாது, வெறும் ஒப்புக்கு வைத்தவை. கோமுகியில் அந்தப் பாசாங்கு இல்லை. என் ஓட்டு ஸ்தபதிக்கே.

பின்னால் வந்த கிரேக்கக் கிறிஸ்தவர்களான பைசாந்தியர்கள் தண்ணீரைத் தேவாலயத்துக்கு முன்னால் கொண்டுவந்து வைத்தார்கள். கிரேக்கத்தின் ஆதோஸ் மலையிலுள்ள பெரிய லாவ்ரா மடத்தில் தூண்கள் தாங்கும் குவிமாடத்தின் கீழ் பெரிய கல்தொட்டி இருக்கிறது. திருக்காட்சித் திருநாளில் அதன் தண்ணீரை மந்திரிக்கிறார்கள். கோமுகித் தண்ணீரைக் கையில் ஏந்தித் தலையில் தெளித்துக்கொள்ளும் நம் ஆட்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

திருப்பணி செய்கிறவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். கோமுகி நுனியில் பிளாஸ்டிக் குழாயைச் செருகிச் சிமென்ட் பூசாதீர்கள். யாளிக்கு எனாமல் பெயின்டும் வேண்டாம். அடைப்பை எடுத்துவிட்டாலே போதும்.